பத்து நகமும் ஒரு கதவும்

மேல் பிரிவு, ஐந்தாம் லயம்,
மடுல்சீமை.
திங்கட்கிழமை, மழை விட்ட நேரம்.

கொழும்புப் பட்டணத்தில் துணிக்கடையின் மேல்மாடியில் குடியிருந்து, இத்தனை வருசம் மூட்டை தூக்கியும் முதுகு வளையாத என் மதிப்புக்கும் மரியாதைக்கும் உரிய மச்சான் கிட்ணசாமி அவர்களுக்கு, தங்கள் மனைவி சந்திரகாந்தியின் ஒரே அண்ணனும், தங்கள் மகள் பிரஷாந்தினியின் தாய்மாமனும், மடுல்சீமையிலிருந்து பசறை வரைக்கும் பெயின்ட் வேலையில் பேர் வாங்கியவனுமாகிய வடிவேல் எழுதிக்கொள்வது. இங்கு நான், தங்கச்சி, மருமகள், புதிதாகக் கன்று போட்ட பசு, நால்வரும் சுகம். கன்றும் சுகம். அங்கு தாங்களும் தங்கள் முட்டிவலியும் சுகமாக இருக்க மலைமேல் முருகனை வேண்டிக்கொள்கிறேன்.

போனில் சொல்லாமல் கடிதம் எதற்கு என்று கேட்பீர்கள். நான் போனில் பேசத் தொடங்கினால் ரெண்டாவது நிமிசமே தங்களுக்குச் சிக்னல் போய்விடுகிறது. மூன்று முறை போய்விட்டது. தங்கச்சி பேசினால் மட்டும் முக்கால் மணி நேரம் நிற்கிறது. கடிதத்துக்குச் சிக்னல் தேவையில்லை. பாதியில் வைத்தாலும் அது வைத்த இடத்திலேயே கிடந்து தங்களைப் பார்த்துக்கொண்டிருக்கும்.

விசயம் இதுதான். சனிக்கிழமை வந்து பிள்ளையைக் கூட்டிப்போய்த் தங்கள் முதலாளி கடையில் துணி மடிக்கிற வேலையில் நிறுத்தப்போவதாகச் சொல்லியிருக்கிறீர்கள். மச்சான், இந்தச் சனிக்கிழமை வரவேண்டாம். பதுளையில் நளீரா என்கிற முஸ்லிம் பெண் நடத்துகிற அழகுக்கடையில் நம் பிள்ளைக்கு ஒரு நாற்காலி காத்திருக்கிறது. வியாழக்கிழமை பரீட்சை. பரீட்சை எழுதுவது பிள்ளை, பரீட்சைத் தாள் தங்கள் மனைவியின் கை, பின்னால் நின்று நடத்துவது நான். ஆகையால் ஜெயம் நிச்சயம்.

வடிவேல் சொன்னால் எதையும் நம்பக்கூடாது என்று தாங்கள் இருபத்திரண்டு வருசமாக ஒரு கொள்கை வைத்திருப்பது எனக்குத் தெரியும். கல்யாணம் முடிந்து மறுவீட்டுக்கு வந்த புது மாப்பிள்ளை நம் கக்கூசுக்குள் போய், கதவு இறுகி, ஒன்றேகால் மணி நேரம் வெளியே வர முடியாமல், மேளக்காரர் உட்பட லயத்து வரிசை வீடே கூடி நின்று ஆளுக்கொரு யோசனை சொன்ன சம்பவத்திலிருந்து வந்த கொள்கை அது. அந்தக் கதவை வெலிமடைத் தச்சன் பச்சை மரத்தில் செய்துவிட்டான் என்று எத்தனையோ தடவை சொல்லிவிட்டேன். நான் அதற்குப் பெயின்ட் அடித்தவன் மட்டும்தான். என் கையால் பதினெட்டு பங்களாக் கதவுகளுக்கு வார்னிஷ் ஏறியிருக்கிறது, ஒன்றுகூட இறுகியதில்லை. ஒரு பங்களாவில் பெரியதுரை முகம் பார்க்கிற கண்ணாடியைக் கழற்றிப் போட்டுவிட்டு என் கதவைப் பார்த்துத்தான் முகம் சவரம் செய்தார். அந்த வரலாறு கிடக்கட்டும்.

பிரஷாந்தினி பதுளையில் ஆறு மாதம் அழகுக்கலை படித்து முடித்ததும், நளீரா கடையில் ஆள் எடுக்கிறார்கள் என்று கேள்விப்பட்டு, போய்க் கேட்கலாம் மாமா என்றாள். தாங்கள் போனில் என்ன சொன்னீர்கள் என்பது எனக்குத் தெரியும், பக்கத்தில்தான் நின்றேன். "எம் பிள்ளை மத்தவங்க காலப் புடிச்சு நகம் வெட்டுறதுக்கா நான் இங்க மூட்டை தூக்குறேன்?" என்றீர்கள். பிள்ளை போனை அம்மாவிடம் கொடுத்துவிட்டுப் போய்விட்டாள். எனக்குத்தான் பொறுக்கவில்லை. பூச்சு வேலையில் என்ன இழிவு இருக்கிறது? கதவுக்குப் பூசினால் என்ன, நகத்துக்குப் பூசினால் என்ன? இந்த ஞாயத்தை நேரில் நிரூபிப்பதற்காக, பங்களா வேலையில் மிஞ்சிய வார்னிஷ் டப்பாவை எடுத்து என் இடது கை விரல் ஐந்துக்கும், உறுதிக்காகக் கொஞ்சம் தடிப்பாக, பூசிக்கொண்டேன். பிள்ளை பார்த்துவிட்டு, "மாமா, தடிப்பா பூசுனா காயாது, மெல்லிசா ரெண்டு தரம் பூசணும்" என்றாள். நான் கேட்கவில்லை என்று சொல்லமாட்டேன். கேட்ட நேரத்தில் பூசி முடிந்திருந்தது. ஈரத்தோடு பத்திரிகை மேல் கையை வைத்துப் படுத்தவன் எழுந்தபோது பத்திரிகையும் கூடவே எழுந்தது. சுற்றிக் கிழித்ததில் மிச்சமாக ஒரு மரண அறிவித்தல் மட்டும், படத்தோடு, நடுவிரலில் நின்றுவிட்டது. மண்ணெண்ணெய்க்கும் அசையவில்லை. இதைக் கழற்ற மருந்து நளீரா கடையில் இருக்கும், அப்படியே வேலையும் கேட்போம் என்று காலை பஸ்ஸில் இரண்டு பேரும் பதுளைக்குப் புறப்பட்டோம்.

அந்தப் பஸ்ஸில் எனக்குக் கிடைத்த மரியாதை தங்கள் முதலாளிக்கும் கிடைத்திருக்காது. கையில் படம் ஒட்டியிருப்பதைப் பார்த்து ஒரு அம்மா எழுந்து இடம் கொடுத்தார். பின்சீட்டில் இருந்தவர் குனிந்து, "எப்பங்க எடுக்கிறது?" என்று மெதுவாகக் கேட்டார். அவர் மனம் நோகக்கூடாதே என்று நாலு மணிக்கு என்று சொல்லிவைத்தேன். பசறையில் ஏறியவர் கை கொடுக்க வந்தார். அவர் கையும் ஒட்டிக்கொள்ளுமோ என்று நான் பின்வாங்கியதை அவர் துக்கம் தாங்காமல் என்று எடுத்துக்கொண்டு, தோளைத் தட்டி, "தைரியமா இருங்கண்ணே" என்றார். பிள்ளை பதுளை வரைக்கும் ஜன்னலுக்கு வெளியேதான் பார்த்துக்கொண்டு வந்தாள்.

நளீரா கடை பஜாரில் ஒரு பாத்திரக்கடைக்கு மேலே. படி ஏறினால் ஒரு திரை. திரைக்கு உள்ளே பெண்கள் மட்டும். நான் வெளியே படியில் நின்று குரலை மட்டும் உள்ளே அனுப்பி என்னை அறிமுகம் செய்துகொண்டேன். தொழிலில் எனக்குள்ள அனுபவத்தையும், என் வார்னிஷுக்குள் ஏழு வருசத்துக்குத் தண்ணீர் ஒரு சொட்டு நுழையாது என்பதையும் எடுத்துச் சொல்லி, இந்த ரகசியத்தைத் தங்கள் கடைக்கு இலவசமாகத் தருகிறேன் என்றேன். உள்ளே இருந்து நளீராவின் குரல் வந்தது. "அண்ணே, எங்கட ஆக்களுக்கு அதானே வில்லங்கம். தொழ மொதல்ல கை கால் கழுவி ஒளு எடுக்கக்கொள்ள தண்ணி நகத்துல படோணும். தண்ணி போகாதத வச்சிக்கிட்டு நாங்க என்ன செய்ய? எங்களுக்கு மருதோண்டி போதும்." உள்ளே நாலைந்து பேர் சிரித்தார்கள். நான் உடனே, மருதோண்டியிலும் எனக்கு அனுபவம் உண்டு என்றேன்.

பிறகு நளீரா பஞ்சும் மருந்தும் கொடுத்தனுப்ப, பிரஷாந்தினி படியிலேயே உட்கார்ந்து, என் கையைத் தன் மடியில் வைத்து, அரைமணி நேரம் கொஞ்சங்கொஞ்சமாக ஊறவைத்து எடுத்தாள். தோல் ஒரு இடத்தில்கூட உரியவில்லை. அந்த மரண அறிவித்தல்கூடக் கிழியாமல் முழுசாக வந்தது. திரையை விலக்கி நளீரா இதைப் பார்த்துக்கொண்டிருந்திருக்கிறாள். அப்போதுதான் பிள்ளையிடம் பேசினாள். தன் கடைக்கு வந்து பாலிஷ் போட்டுக்கொள்கிறவர்கள் டீச்சர்மார், பேங்க் பிள்ளைகள், தோட்டத்துக் கல்யாணப் பெண்கள். கல்யாணப் பெண் மூன்றாம் நாள் மறுவீட்டுப் பந்தியில் உட்காரும்போது நகம் பாதி உரிந்து நிற்கிறது, வசவு கடைக்கு வருகிறது என்றாள். பிறகு, "உக்காந்திருக்கிற கைக்குப் பூசி எனக்குக் காட்ட வேணாம். வேலை செய்யிற கைக்குப் பூசு. ஏழு நாள் கழிச்சுக் கூட்டிக்கிட்டு வா. உரியாம இருந்தா நாற்காலி உனக்குத்தான்" என்றாள். நாற்காலியை அதிக நாள் சும்மா வைத்திருக்க முடியாது, அடுத்த வாரத்துக்கு அடுத்த வாரம் வியாழன் வரைதான் என்றும் சொன்னாள்.

வேலை செய்கிற கை என்றால் தங்கச்சி கையைவிட வேறு எது மச்சான். கொழுந்து கிள்ளிக் கிள்ளிப் பெருவிரலும் ஆள்காட்டி விரலும் சாறு ஏறிக் கறுத்து, எந்தச் சோப்புக்கும் போகாமல் இருக்கிற கை. கல்யாண வீட்டில் போட்டோ எடுக்கும்போதெல்லாம் அவள் கை முந்தானைக்குள் போய்விடும். தங்கள் கல்யாணப் படத்திலேயே பாருங்கள், மாலைக்குப் பின்னால் கை இருக்காது. அவளைச் சம்மதிக்க வைப்பதற்குள் எனக்குத் தொண்டை வற்றிவிட்டது. கடைசியில் பிள்ளை முகத்துக்காகச் சம்மதித்தாள். நகத்தைக் குட்டையாக வெட்டி, ஒரே பக்கமாக அராவி, அடிப்பூச்சு ஒன்று, சிவப்பு இரண்டு, அதற்கு மேலே டாப் கோட் என்கிற கண்ணாடிப்பூச்சு ஒன்று. டாப் கோட் என்றால் பெரிய சங்கதி ஒன்றுமில்லை மச்சான், கதவுக்குப் பெயின்ட் அடித்த பிறகு மேலே வார்னிஷ் ஏற்றுகிறோமே அதுதான். நிறத்துக்குக் குடை பிடிக்கிற வேலை. பெட்ரோல் மாக்ஸ் வைத்தது போல மின்னியது.

மறுநாள் மத்தியானம் கொழுந்து நிறுக்கிற இடத்துக்கு நான் சும்மா போனேன். போன இடத்தில் கங்காணி ஒரு கொழுந்துப் பையைக் கொட்டிவிட்டு, எலை மேல் எதையோ பார்த்து நின்றார். சிவப்பாய், பொட்டு அளவில், நாலைந்து. என்னைக் கண்டதும், "வடிவேலண்ணே, இது என்ன?" என்று காட்டினார். கேட்டால் சொல்லாமல் இருக்க முடியுமா? தேயிலைக்கு வருகிற சிவப்புச் சிலந்தியை நான் பார்க்காத மலை உண்டா? "சிலந்திதான், சந்தேகமே இல்ல, ராவோட ராவா மலையே காஞ்சுபோகும்" என்றேன். கங்காணி ஓடினார். நாற்பது பெண்கள் கிள்ளுவதை நிறுத்திவிட்டு வரிசையாக நின்றார்கள். மருந்தடிக்கிற ஆட்கள் முகத்தை மூடிக்கொண்டு டாங்கியோடு வந்தார்கள். சின்னதுரை மோட்டார் சைக்கிளில் பூதக்கண்ணாடி கொண்டுவந்து, மண்டியிட்டு, அந்தச் சிவப்புப் பொட்டை இப்படியும் அப்படியும் திருப்பி, இதற்குக் காலையும் காணோம் கண்ணையும் காணோமே என்றார். நான் அது குட்டி, இன்னும் முளைக்கவில்லை என்று விளக்கிக்கொண்டிருந்தேன்.

அப்போது தங்கச்சி வரிசையிலிருந்து முன்னால் வந்து, இடுப்பில் கட்டியிருந்த படங்குச் சாக்குக்குள் ஒளித்திருந்த கையை வெளியே எடுத்து நீட்டினாள். "அது சிலந்தி இல்லிங்க ஐயா. எம் வெரலு."

பெருவிரலிலும் ஆள்காட்டி விரலிலும் நுனிப் பாலிஷ் உரிந்து வெறும் நகம் தெரிந்தது. நாற்பது பேரும் சிரித்த சிரிப்பு பக்கத்து டிவிசன் வரைக்கும் கேட்டிருக்கும். சின்னதுரையும் சிரித்துவிட்டு, இனிமேல் மலையில் சிவப்பு வேண்டாம் என்று மட்டும் சொல்லிப் போய்விட்டார். எதிர் லயத்துக் கருப்பம்மா இருக்கிறாளே, அவள் என்னைப் பார்த்து, "வடிவேலண்ணே, ஒங்க மூக்கு நுனியிலயும் ஒரு சிலந்தி குந்தியிருக்கு, மருந்தடிச்சு விடச் சொல்லவா?" என்று கேட்டாள். அதற்குள் நான் தங்கச்சி முகத்தைப் பார்த்துவிட்டேன். அவள் சிரிக்கவில்லை.

வீட்டுக்கு வந்து தேங்காய் நாரை வைத்து எல்லா விரலையும் தேய்த்தாள். இனி இந்தப் பேச்சே வேண்டாம் என்றாள். பிள்ளை, தாங்கள் போன தீபாவளிக்கு வாங்கிக் கொடுத்த பையைத் தட்டின் மேலிருந்து இறக்கி, கொழும்புக்குத் துணி அடுக்கத் தொடங்கினாள். மச்சான், அடம்பிடித்து அழுதிருந்தால் எனக்கு அவ்வளவு கஷ்டமாக இருந்திருக்காது. மடிப்புக் கலையாமல் ஒவ்வொன்றாக அடுக்கினாள். துணி மடிக்கிற வேலைக்கு இப்போதே பழகுகிறாள் போலிருந்தது.

அந்த நேரத்தில்தான் என் அறிவு வேலை செய்தது. ஆறுதலுக்காக என் பங்களாக் கதவுகளின் கதையை எடுத்தேன். மற்ற பெயின்ட்காரர்கள் கதவின் முகத்துக்குத்தான் மூன்று பூச்சு கொடுப்பார்கள், ஒருவர்கூடக் கதவைத் தூக்கி அதன் அடிவிளிம்பைப் பார்க்கமாட்டார்கள். அது யார் கண்ணிலும் படாத இடம். ஆனால் தண்ணீர் முகத்தின் வழியாக ஏறுவதில்லை, அந்த விளிம்பின் வழியாகத்தான் ஏறுகிறது, மரம் உப்புகிறது, பெயின்ட் உரிகிறது. வடிவேல் ஒருவன்தான் கதவைக் கழற்றிப் படுக்கப்போட்டு அடிவிளிம்புக்கும் வார்னிஷ் கொடுத்தவன் என்று சொல்லிக்கொண்டே போனேன். பிள்ளை துணி அடுக்குவதை நிறுத்திவிட்டாள். "மாமா, திருப்பிச் சொல்லுங்க" என்றாள். என்னை யாரும் அப்படிக் கேட்டதில்லை மச்சான். மூன்று முறை சொன்னேன். நாலாவதுக்கு அவள் இருக்கவில்லை, அம்மாவிடம் போய்விட்டாள்.

தங்கச்சி அடுப்படியில் இருந்தாள். பிள்ளை அவள் முன்னால் உட்கார்ந்து, "நுனி விளிம்ப நான் மூடாம விட்டுட்டேம்மா. மேல மேல பூசுனேன், கிள்ளுறது நுனியாலதானே. இன்னும் ஏழு நாளு ஒங்க கைய தாங்க. அப்புறம் அப்பா சொல்ற எடத்துக்குப் போறேன்" என்றாள். தங்கச்சி அடுப்பில் எரிந்த கொள்ளியை வெளியே இழுத்து அணைத்தாள். பிறகு கையைத் துடைத்து நீட்டிவிட்டு, என் பக்கம் திரும்பிச் சொன்னாள். நான் இதில் ஒரு எழுத்துக்கூட கூட்டவில்லை, மலைமேல் முருகன் சாட்சி. "அண்ணே, அவரு கேட்டா சொல்லுங்க. இருபத்தாறு வருசமா இந்த வெரலு கிள்ளுன எலையத்தான் எல்லாரும் புடிச்சுப் புடிச்சுப் பாத்தாங்க. வெரல ஒருத்தரும் புடிச்சுப் பாக்கல. எம் மகதான் பாத்தா. அது கேவலமான வேலைன்னு எனக்குத் தோணல."

தாங்கள் கேட்கவில்லை, ஆனாலும் சொல்லிவிட்டேன்.

இரண்டாம் தடவை மருந்துப் பஞ்சால் நகத்தில் இருந்த எண்ணெய்ப் பசையை முதலில் துடைத்தாள். போன தடவை தங்கச்சி தலைக்கு எண்ணெய் தேய்த்த கையோடு வந்து உட்கார்ந்ததும் ஒரு குற்றம். நிறம் கத்தரிப்பூ நிறம். தேயிலையில் அந்த நிறத்தில் பூச்சி கிடையாது என்று நானே உறுதி கொடுத்தேன். மெல்லிசாக ஒன்று, காய்ந்த பின் மெல்லிசாக இன்னொன்று. அப்புறம் டாப் கோட்டை நகத்தின் மேலிருந்து நுனி வரைக்கும் இழுத்து, நுனி விளிம்பின் மேலே பிரஷை அணைத்துக் கொண்டுபோய், அடிப்பக்கமும் ஒரு இழுப்பு. சொன்னால் ஒரு வரி, செய்தால் ஒன்றரை மணி நேரம். ஒன்பது விரலை அவள் செய்தாள். இடது சுண்டுவிரலை மட்டும், பிள்ளைக்கு ஒரு மாதிரியாக இருக்கட்டும் என்று, என் கையாலேயே செய்து காட்டினேன். அடக்கமாகச் சொல்கிறேன், பத்தில் அதுதான் அதிகம் மின்னுகிறது.

ஒரு நாள் விட்டு ஒரு நாள் டாப் கோட் மட்டும் மெல்லிசாக இன்னொரு தரம் போடவேண்டுமாம்; சுடுதண்ணீரும் சட்டி தேய்ப்பதும் முதல் நாளில் ஆகாதாம். அதனால் அந்த முதல் நாளில் சோறு வடிப்பதும் சட்டி பானை விளக்குவதும் என் மேற்பார்வையில் நடந்தது. மேற்பார்வை என்றால், தொட்டியடியில் உட்கார்ந்து நானே விளக்கினேன். கருப்பம்மா எட்டிப் பார்த்து, "அண்ணே, சட்டிக்கும் டாப் கோட் உண்டா?" என்றாள். உண்டு, நுனி விளிம்புக்கு முதலில் என்றேன். தலையை உள்ளே இழுத்துக்கொண்டாள். இப்போதெல்லாம் லயத்தில் யாரும் என்னை எதிர்த்துப் பேசுவதில்லை.

இன்று ஐந்தாம் நாள். தங்கச்சி காலையில் பேர் கூப்பிடுகிற பெரட்டுக் களத்துக்குப் போகாமல் இருக்கவில்லை, ஒரு கிள்ளு குறைத்துக் கிள்ளவில்லை, முந்தாநாள் மழையிலும் நனைந்தாள். ஒரு சில்லு உரியவில்லை. நிறுவையிடத்தில் கங்காணி ஒவ்வொரு பைக்கும் முதலில் அவள் கையைப் பார்த்துவிட்டுத்தான் எலையைப் பார்க்கிறார். நேற்று ஞாயிற்றுக்கிழமை கருப்பம்மா மகளுக்குச் சடங்கு. போட்டோ எடுக்கும்போது தங்கச்சி முன் வரிசையில் நின்று, பெரியவளான பிள்ளையின் தோள் மேல் கையை வைத்துக்கொண்டாள். முந்தானைக்கு வெளியே. யாரும் சொல்லித் தரவில்லை. அந்தப் படத்தைத் தங்களுக்கு அனுப்பச் சொல்லியிருக்கிறேன். நடுவில் நான் நிற்கிறேன், பரவாயில்லை, என்னைப் பார்க்காமல் ஓரத்தில் கையைப் பாருங்கள். சடங்கு முடிந்து கை கழுவுகிற இடத்திலேயே கருப்பம்மா உட்பட ஐந்து பெண்கள் பிரஷாந்தினியைப் பிடித்துக்கொண்டு, எங்களுக்கு எப்போது என்று கேட்டார்கள். சிலந்தி என்று சிரித்த அதே ஐந்து பேர்.

ஆகையால் மச்சான், தங்கள் காலில் விழாத குறையாகக் கேட்கிறேன் (முட்டி எனக்கும் வலிக்கிறது): சனிக்கிழமை வராதீர்கள். வந்தால், தங்களைக் கண்டதும் பிள்ளை வாய் திறக்காமல் பையைத் தூக்கிக்கொண்டு கிளம்பிவிடுவாள். அவள் சுபாவம் தங்களுக்குத் தெரியும், தங்கள் சுபாவம்தானே. முதலாளியிடம் பிள்ளைக்கு அம்மை என்று சொல்லிவிடுங்கள். பதினெட்டுப் பங்களாவில் ஒரு கதவும் இறுகவிடாதவன் வாக்குக் கொடுக்கிறேன், வியாழக்கிழமை பத்து நகமும் பாஸ்.

தங்கள் முதலாளிக்கும், மூட்டை தூக்குகிற கூட்டாளிகளுக்கும், பக்கத்துத் தேநீர்க்கடைக்காரருக்கும் என் வணக்கம். தாங்கள் தேக சுகத்தோடும், நல்ல சிக்னலோடும், தாய்மாமன் மேல் கொஞ்சம் நம்பிக்கையோடும் நீடூழி வாழ்க.

இங்ஙனம்,
தங்கள் வரவை இப்போதைக்கு எதிர்பாராத
பெ. வடிவேல்

பி.கு.: இன்று வியாழக்கிழமை. இந்தக் கடிதத்தைக் கொழும்புக்குப் போகிற மரக்கறி லொறிக்காரரிடம் கொடுத்துவிட்டதாகத்தான் நான் நினைத்திருந்தேன். தங்கச்சி என் சட்டையைத் துவைக்க எடுத்தபோது பையிலிருந்து வந்தது. பிரஷாந்தினி முழுவதையும் படித்துவிட்டாள். உண்மையை எழுதினால்தான் அனுப்புவேன் என்று இப்போது எதிரில் உட்கார்ந்திருக்கிறாள். எழுதுகிறேன்.

காலையில் மூன்று பேரும் பதுளைக்குப் போனோம். நளீரா ஒரு பஞ்சுத் துணுக்கை எடுத்து ஒவ்வொரு நகத்தின் நுனியிலும் மெதுவாக ஓட்டிப் பார்த்தாளாம். எங்காவது உரிந்திருந்தால் பஞ்சு சிக்கிக்கொள்ளும். நான் திரைக்கு வெளியே எண்ணிக்கொண்டிருந்தேன். ஒன்பது விரலில் சிக்கவில்லை. இடது சுண்டுவிரலில் சிக்கிவிட்டது. இது யார் பூசினது என்று நளீரா கேட்டிருக்கிறாள். "மாமா" என்றது பிள்ளை. அப்புறம் நளீரா, "அப்ப பரீட்சை ஒம்பது வெரலுக்குத்தான். திங்கக்கிழம வா" என்றாள்.

அடுத்த உண்மை: பங்களா பதினெட்டு இல்லை. ஒன்று. அதிலும் நான் டப்பா மட்டும்தான் பிடித்தேன். பெரியதுரை என் கதவைப் பார்த்துச் சவரம் செய்யவில்லை. ஒரு பூனை அந்தக் கதவில் தன் நிழலைப் பார்த்துச் சண்டை போட்டது. நானே தனியாக ஏற்று முழுசாகப் பூசியது ஒரே ஒரு கதவு, நம் கக்கூஸ் கதவு. கல்யாண அவசரத்தில் அதன் முகத்துக்கு மூன்று பூச்சு கொடுத்தேன். அடிவிளிம்பை யார் பார்க்கப்போகிறார்கள் என்று விட்டுவிட்டேன். அந்த வாரம் மழை. மிச்சம் தங்களுக்குத் தெரியும், தாங்கள்தான் உள்ளே இருந்தீர்கள். வெலிமடைத் தச்சன் தங்கமான மனுசன், மரம் காய்ந்த மரம். தண்ணீர் எந்த வழியாக ஏறுகிறது என்று எனக்கு எப்படித் தெரியும் என்று பிள்ளை கேட்டாள். இப்படித்தான் தெரியும்.

ஆகவே மேலே எழுதியதை எல்லாம் அடித்துவிட்டு இதை மட்டும் வைத்துக்கொள்ளுங்கள்: சனிக்கிழமை வாருங்கள். கூட்டிப்போக அல்ல. திங்கட்கிழமை நாற்காலியில் உட்காருவதற்கு முன் முதல் கையாகத் தங்கள் கையைத்தான் பிடிப்பேன் என்கிறாள் பிள்ளை, மூட்டைக் கயிறு அறுத்த நகங்களைச் சரியாக வெட்டி அராவி விடவேண்டுமாம். தங்கச்சியும் கையைக் காட்டக் காத்திருக்கிறாள், சுண்டுவிரலைத் திரும்பப் பூசியாயிற்று, இந்த முறை நான் தொடவில்லை. இந்தத் தாள்களை எல்லாம் பிள்ளை கோவில் வளைவில் சிக்னல் கிடைக்கிற இடத்தில் நின்று படம் பிடித்துத் தங்கள் போனுக்கு அனுப்புவாளாம். அப்படி ஒரு வழி இருப்பதை என்னிடம் யாரும் முதலில் சொல்லவில்லை.

கக்கூஸ் கதவைப் பற்றி யோசிக்க வேண்டாம். இன்று மத்தியானம் கழற்றிப் படுக்கப்போட்டு அடிவிளிம்புக்கு நானே பூசினேன். பயப்படாதீர்கள் மச்சான், காய்ந்த பிறகு பிரஷாந்தினி வந்து பஞ்சை ஓட்டிப் பார்த்தாள். சிக்கவில்லை.